சரோஜா என்று எழுதிய டெஸ்ட் டியூப்

பாப்பா,

ஒரே வீட்டில் இருந்துகொண்டு மகளுக்குக் கடிதம் எழுதுகிற மனுஷனைப் பார்த்து நீ சிரிப்பாய். கூடத்துக்கும் சமையலறைக்கும் நடுவில் தபால்காரர் எதற்கு என்று கேட்பாய். என்ன செய்வது, நேற்று நீ கேட்ட கேள்விக்கு எனக்கு வாய் வரவில்லை. "அப்பா, நான் ஆராய்ச்சிக்கு பெல்ஜியம் போறதுக்கு முன்னாடி காலேஜ் ஃப்ரிட்ஜுல என் அடுக்கைக் காலி பண்ணணுமாம். அம்மாவோட கிருமியை என்ன பண்றது? நீங்களே சொல்லுங்க" என்றாய். நான், "சாம்பார் ஆறுது, முதல்ல சாப்பிடு" என்றேன். பெரிய பதில்! நீயும் மேற்கொண்டு கேட்காமல் சாப்பிட்டுவிட்டுத் தட்டைக் கழுவி வைத்தாய். அந்தத் தட்டைக் கழுவின விதத்தில் உங்கம்மா சாயல் இருந்தது. அதனால்தான் எழுத உட்கார்ந்தேன்.

உனக்குத் தெரிந்த கதையைத்தான் எழுதப் போகிறேன். முதலிலிருந்து வந்தால்தான் என் மண்டையில் ஒழுங்காக வரும். பத்தாவது வகுப்பின் மேல் இருந்த பிரியத்தில் அதை இரண்டு தடவை எழுதியவன் நான். குரோம்பேட்டை பஸ் டிப்போவில் டயர் செக்‌ஷனில் ஆயுசைக் கழிக்கிறவன். பஞ்சர் எங்கே என்று தண்ணீரில் முக்கிக் கண்டுபிடிப்பதுதான் எனக்குத் தெரிந்த ஆராய்ச்சி. பெல்ஜியம் என்றால் எனக்குக் கண்ணாடிதான் ஞாபகம் வரும், அதுவும் தாம்பரம் சலூனில் பார்த்தது. அப்படிப்பட்டவனிடம் போய் நீ கிருமியைப் பற்றி யோசனை கேட்கிறாய். கேட்டுவிட்டாய். சொல்கிறேன், கொஞ்சம் பொறுமையாகப் படி.

உங்கம்மா பால்வாடி டீச்சர், ஊருக்கெல்லாம் சரோஜா டீச்சர். நாள் முழுக்க நின்றபடி முப்பது குழந்தைகளை அதட்டிவிட்டு, சாயங்காலம் வந்து நம் இரண்டு பேரை அதட்டுவாள். தீபாவளிக்கு வாங்கின செருப்பு குதிகாலைக் கடித்தது. சர்க்கரை வியாதிக்காரி, சின்னக் கொப்புளம், யாரிடமும் சொல்லவில்லை. மஞ்சளை வைத்துத் துணியைக் கட்டிக்கொண்டு வேலைக்குப் போய்க்கொண்டிருந்தாள். ஒரு நாள் வீட்டுக்குள் திராட்சைப் பழ வாசனை. "யாருக்கும் தெரியாம திராட்சை வாங்கிட்டு வந்து ஒளிச்சு வச்சிருக்கீங்களா? எனக்கு சர்க்கரைன்னு அப்பனும் பொண்ணும் தனியா திங்கறீங்களா?" என்று அவளே சண்டைக்கு வந்தாள். நானும் அலமாரியெல்லாம் தேடினேன். வாசனை அவள் காலிலிருந்து வருகிறது என்று கண்டுபிடித்தது நீதான். துணியை அவிழ்த்ததும் பச்சை நிறத்தில் சீழ். உன் முகம் மாறியது. அந்தப் பச்சையும் அந்த வாசனையும் எந்தக் கிருமிக்கு உரியவை என்று நீ எம்.எஸ்ஸி.யில் அப்போதுதான் படித்திருந்தாய். எனக்கு அன்றோடு திராட்சை விட்டுப்போனது.

பெரிய ஆஸ்பத்திரியில் சேர்த்தோம். டாக்டர் நல்ல மனிதர். ஒவ்வொரு மருந்தாக மாற்றிப் பார்த்தார். "எந்த மருந்தைக் குடுத்தாலும் இந்தக் கிருமி சாப்பிட்டு ஏப்பம் விடுது சார்" என்று என்னிடம் சொன்னார். அம்மா படுக்கையிலிருந்து, "இவரும் அப்படித்தான் டாக்டர், எதைச் சொன்னாலும் உறைக்காது" என்றாள். அவருக்கே சிரிப்பு வந்துவிட்டது. நீ அவரிடம் கெஞ்சி, புண்ணிலிருந்து பஞ்சுக் குச்சியில் கொஞ்சம் எடுத்துக்கொண்டு காலேஜுக்கு ஓடினாய். அந்தக் குச்சியில் ஒட்டி வந்ததுதான் இன்றைக்கு வரை நீ வளர்க்கிற கிருமி.

அதற்குப் பிறகுதான் அந்த வைரஸ் கதை. வைரஸ் என்றால் காய்ச்சல் வரும் என்பதோடு என் படிப்பு நின்றிருந்தது. நீ அம்மாவின் கட்டில் பக்கத்தில் உட்கார்ந்து எங்கள் இரண்டு பேருக்கும் பாடம் நடத்தினாய். நமக்கு வைரஸ் வருகிற மாதிரி கிருமிக்கும் வைரஸ் வருமாம். கிருமியே கண்ணுக்குத் தெரியாது, அதைப் பிடிக்கிற வைரஸ் அதைவிடப் பல மடங்கு பொடிசாம். தலை ஒரு டப்பா மாதிரி, கீழே ஒரு குழாய், அதற்கு ஊன்றிக்கொள்ளக் கால்கள். கிருமியின் தோல்மேல் தனக்கென்று இருக்கிற இடத்தைத் தடவித் தேடி உட்கார்ந்து, டப்பாவுக்குள் இருக்கிற நூலை ஊசி போடுகிற மாதிரி உள்ளே இறக்கிவிடும். அந்த நூலில்தான் வைரஸ் செய்கிற முறை முழுதும் எழுதியிருக்கிறதாம். அதற்குப் பிறகு கிருமி தன் வேலையை மறந்து வைரஸ் செய்யத் தொடங்கும். அரைமணி, முக்கால்மணி போனால் வயிறு வெடித்து அத்தனையும் வெளியே வரும். வந்தது அடுத்த கிருமியைத் தேடிப் போகும். "ஒரு வைரஸ் ஒரு வகைக் கிருமியைத்தான் தொடும்மா, அதுலயும் எல்லாத்தையும் தொடாது. நம்ம உடம்பு பக்கமே திரும்பாது" என்றாய். ரஷ்யாப் பக்கம் இதை மருந்தாகவே புண்ணில் ஊற்றுகிறார்கள் என்றும் சொன்னாய்.

"எல்லாமே வெடிச்சுடுமா?" என்று அம்மா கேட்டாள். இல்லை, இன்னொரு வகை இருக்கிறது என்றாய். அது உள்ளே போனதும் சத்தம் போடாமல் கிருமியின் நூலோடு தன் நூலையும் சேர்த்துத் தைத்துக்கொண்டு படுத்துவிடும். கிருமி இரண்டானால் அதுவும் இரண்டாகும். தலைமுறை தலைமுறையாக உள்ளேயே இருக்கும். கிருமிக்குக் கஷ்டகாலம் வந்தால் எழுந்து உடைத்துக்கொண்டு வெளியே போய்விடும். "இருக்கற வரைக்கும் சிலது கிருமிக்கே புதுசா விஷம் பண்ணக் கத்துக் குடுத்துடும்மா. அதனால அந்த வகை மருந்துக்கு ஆகாது." அம்மா என்னைத் திரும்பிப் பார்த்தாள். "வீட்டோட மாப்பிள்ளைன்னு சொல்லு" என்றாள். கல்யாணமான புதிதில் நான் அவள் அப்பா வீட்டில் இருந்ததை இருபத்தைந்து வருஷம் கழித்தும் விடவில்லை.

அந்த வைரஸ் எங்கே கிடைக்கும் என்று கேட்டேன். கிருமி எங்கே இருக்கோ அங்கே, அதாவது சாக்கடையில் என்றாய். அன்றிலிருந்து நான் உன் டிரைவர். மொபெட்டில் பின்னால் நீ, உன் மடியில் கழுவிக் காயவைத்த பாட்டில்கள். தென்சென்னையில் எத்தனை வகைக் கழிவுநீர் ஓடுகிறது என்று டிப்போவில் என்னைவிடத் தெரிந்தவன் கிடையாது. அஸ்தினாபுரத்தில் நம் தெருக்கோடி வாய்க்கால், ஆஸ்பத்திரிக்குப் பின்னால் ஓடுகிற கால்வாய், எல்லாவற்றிலும் குனிந்தோம். ஒரு ஞாயிற்றுக்கிழமை வண்டலூர் மிருகக்காட்சிசாலைக்கே போனோமே. நீர்யானைத் தொட்டிப் பக்கம் பெருக்கிக்கொண்டிருந்த ஆள், "இன்னா சார் வோணும்?" என்றான். தண்ணி என்றேன். "குடிக்கவா? அந்தாண்ட பைப்பு கீது பாரு." இல்லப்பா, நீர்யானை குளித்த தண்ணி என்றேன். அவன் என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டு உன் பக்கம் திரும்பி, "யம்மா, நைனாவுக்கு ஒடம்பு கிடம்பு செரியில்லியா?" என்றான். நீ சிரித்த சிரிப்பில் பாட்டில் கீழே விழுந்து உடைந்தது. அம்மா ஆஸ்பத்திரியில் கிடந்த அந்த நாட்களில் நாம் இரண்டு பேரும் அப்படிச் சிரித்தோம் என்பதை நினைத்தால் இப்போது ஒரு மாதிரி இருக்கிறது. ஆனால் சிரித்தோம். மறைப்பானேன்?

கடைசியில் கிடைத்தது அனகாபுத்தூரில். பாலத்துக்குக் கீழே, ஊர்ச் சாக்கடையெல்லாம் அடையாற்றில் விழுகிற இடத்தில். எருமை கழுவிக்கொண்டிருந்த ஒரு பெண்மணி என்னைத் தடுத்தாள். "அதுல கால வச்சாலே சொறி புடிக்கும், நீ இன்னாத்துக்குப் பாட்டில்ல புடிச்சுகினு போற?" மருந்துக்கு என்றேன். "ஆருக்கு?" சம்சாரத்துக்கு என்றேன். அவள் இடுப்பில் கையை வைத்துக்கொண்டு, "பொண்டாட்டி மேல அவ்ளோ கோவமா உனுக்கு?" என்றாள். அதை ஆஸ்பத்திரியில் வந்து சொன்னபோது அம்மா கண்ணில் நீர் வர சிரித்தாள். சிரித்து முடித்ததும், "அவகிட்ட போய் ஆமான்னு சொல்லிட்டு வாங்க" என்றாள்.

அடுத்த நாள் காலை நீ என்னைக் காலேஜ் லேபுக்கு இழுத்துக்கொண்டு போனாய். கண்ணாடித் தட்டில் ஜெல்லி மாதிரி ஒன்று, அதன்மேல் கிருமி பாசி படர்ந்த மாதிரி மூடியிருந்தது. அதில் அங்கங்கே வட்ட வட்டமாகத் தெளிந்திருந்தது. பனி படிந்த கண்ணாடியில் குழந்தை விரல் வைத்துத் துடைத்த மாதிரி. "ஒவ்வொரு ஓட்டையும் ஒரு வைரஸுல ஆரம்பிச்சதுப்பா. அது குட்டி போட்டு, குட்டி குட்டி போட்டு, அந்த இடத்துல இருந்த கிருமியை எல்லாம் தின்னுடுச்சு" என்றாய். எனக்கு அந்த ஓட்டைகளைப் பார்க்கப் பார்க்க ஆசையாக இருந்தது. பஞ்சரைப் பார்த்து நான் சந்தோஷப்பட்டது என் ஆயுசில் அந்த ஒரு தடவைதான்.

அந்த வைரஸைப் பெருக்கி நிரப்பின பாட்டிலோடு டாக்டரிடம் போனோம். அவர் பொறுமையாகக் கேட்டார். பிறகு, "இதை மருந்தா குடுக்க எனக்கு அனுமதி இல்லம்மா. அதுகூடப் பரவாயில்ல. இதைச் சுத்தம் பண்ணிட்டியா?" என்றார். நீ தலையைக் குனிந்துகொண்டாய். ஏன் என்று எனக்குப் பிறகுதான் விளங்கினது. பாட்டிலில் வைரஸ் மட்டும் இல்லை. அது வெடித்த கிருமிகளின் செத்த உடம்பும் அதில் கலந்திருந்தது. அந்தச் செத்த உடம்பே விஷம். திறந்த புண் வழியாக ரத்தத்தில் கலந்தால் பிரஷர் இறங்கி ஒரே நாளில் ஆளைக் கொண்டுபோய்விடும். அதைப் பிரித்து எடுக்கிற மெஷின் உன் காலேஜில் கிடையாது. இருந்த ஒரு இடத்துக்கு உங்கள் புரொபசர் எழுதிப் போட்டிருந்தார். பதில் வரும் என்று காத்திருந்தோம்.

காத்திருக்க உங்கம்மாவுக்குப் பொறுமை ஏது? புண் முழங்கால் பக்கம் ஏறிக்கொண்டிருந்தது. அவளுக்கு எல்லாம் தெரிந்திருந்தது. "பாட்டில் எங்கடி இருக்கு?" என்றாள். காலேஜ் ஃப்ரிட்ஜில் என்றாய். "கொண்டா. ஊத்து. டாக்டருக்குத்தானே அனுமதி வேணும்? நீ டாக்டர் இல்லியே." நீ முடியாது என்றாய். விஷம் என்று விளக்கினாய். "கால் போகுது, ஆள் போகப் போறேன், இப்ப விஷத்துக்குப் பயப்படச் சொல்றியா?" நீ அழுதாய், ஆனால் இறங்கி வரவில்லை. அவள் என்னைப் பார்த்தாள். நான் உன் பக்கம் நின்றேனா, அவள் பக்கம் நின்றேனா என்று கேட்டால், ஜன்னல் பக்கம் நின்றேன். கடைசியில் அவள் உன்னிடம் சொன்னது உனக்கு நான் நினைவூட்ட வேண்டியதில்லை. "அப்படின்னா அந்தப் பாட்டிலை வச்சு நீயே பூஜை பண்ணிக்கோ" என்று சொல்லிவிட்டுச் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்தாள். கால் எடுப்பதற்குக் குறித்த நாள் வருவதற்குள் காய்ச்சல் தலைக்கேறியது. அதற்குப் பிறகு அவள் யாரோடும் பேசவில்லை. பதில் கடிதம் காரியமெல்லாம் முடிந்த பிறகு வந்தது.

எல்லோரும் வீட்டில் புகைப்படத்துக்குப் பொட்டு வைத்துக்கொண்டிருந்தபோது, நீ காலேஜுக்குப் போய் அந்தக் கிருமியைப் புதுக் குழாய்க்கு மாற்றிவிட்டு வந்தாய். வைரஸைப் பெருக்க அந்தக் கிருமி வேண்டும், அதனால் என்று சொன்னாய். நானும் நம்பினேன். ஆனால் மாதம் தவறாமல் மாற்றிக்கொண்டே இருந்தாய். மழைக்காலத்தில் முழங்கால் தண்ணீரில் நடந்து போனாய். கரண்ட் போனால் ஃப்ரிட்ஜ் என்னாயிற்றோ என்று பதறினாய். மதுரையில் சித்தப்பா மகள் கல்யாணத்துக்கு நீ வராததும், பெங்களூரில் வந்த நல்ல வேலையைத் தட்டிக்கழித்ததும் எதனால் என்று இரண்டு பேருக்குமே தெரியும், வாய்விட்டுப் பேசிக்கொண்டதில்லை. தாய் இல்லாத குழந்தையைப் பார்த்துக்கொள்கிற மாதிரி, தாயைக் கொன்றதைப் பார்த்துக்கொண்டாய்.

போன மாதம் நீ மறந்துவிட்டுப் போன சாப்பாட்டைக் கொடுக்கக் காலேஜுக்கு வந்தேனே, அன்று நடந்ததை உன்னிடம் சொல்லவில்லை. நீ வகுப்பு எடுத்துக்கொண்டிருந்தாய். லேப் வாசலில் நின்றுகொண்டிருந்தேன். உள்ளே ஒரு பெண் இன்னொருத்தியிடம், "சரோஜா இன்னிக்கு சுத்தமா வரவே இல்லடி" என்றாள். "காலையில பார்த்தேனே, ஓரத்துல கொஞ்சம் இருந்தா." "ஐயோ, நான் சரோஜாவைக் கொட்டிட்டேனோ?" கையிலிருந்த டப்பாவைத் தரையில் வைத்துவிட்டு எட்டிப் பார்த்தேன். புண் யாருடையதோ அவர் பேரைக் கிருமிக்கு வைப்பது உங்கள் லேப் வழக்கமாம். அந்தப் பெண்களுக்கு அது வெறும் பேர், வைரஸ் பிடிக்க உதவுகிற ஒரு கிருமியின் பேர். நீ இத்தனை வருஷத்தில் அவர்களிடம் சொல்லவே இல்லை. ஒரு பெண் என்னைப் பார்த்து, "யாரு வேணும் அங்கிள்?" என்றாள். சரோஜா என்று சொல்லிவிடுவேனோ என்று பயந்து, உன் பேரைச் சொல்ல ஒரு நிமிஷம் ஆயிற்று.

அப்புறம் நீ வந்து எனக்கு அதைக் காட்டினாய். ஃப்ரிட்ஜிலிருந்து சரோஜா என்று எழுதியிருந்த குழாயை எடுத்து வெளிச்சத்தில் பிடித்தாய். நான் அதைத் திட்டுவதற்குத் தயாராக வந்திருந்தேன். மனசுக்குள் நல்ல டிப்போ வசவாக ஒன்று எடுத்து வைத்திருந்தேன். பார்த்தால் வெளிறிப்போய், கஞ்சி ஆடை மாதிரி இருந்தது. "பச்சையா இருக்குமே?" என்றேன். "பச்சை போயிடுச்சுப்பா. வாசனையும் கிட்டத்தட்ட இல்ல" என்றாய். ஏன் என்று கேட்டேன். நீ சொன்னதை நான் மறக்கவில்லை. "இங்க அதுக்குச் சாப்பாடு கொட்டிக் கிடக்கு. யாரும் மருந்து அடிக்கறதில்ல, சண்டை கிடையாது. சண்டைக்குன்னு வச்சிருந்ததெல்லாம் ஒவ்வொண்ணா விட்டுருச்சு. நானும் ஒவ்வொரு தடவை மாத்தும்போதும் எது நல்லா அழகா வளர்ந்திருக்கோ அதிலிருந்துதான் தொட்டு எடுத்தேன். அப்படி எடுத்து எடுத்து வேற ஆளாவே ஆயிடுச்சுப்பா. அனகாபுத்தூர் வைரஸ் வந்து உட்கார்ற இடமே இதுல இப்ப இல்ல." இதைச் சொல்லும்போது உன் குரல் பாடம் நடத்துகிற குரலாகத்தான் இருந்தது. கைதான் குழாயை விடாமல் பிடித்திருந்தது.

வீட்டுக்கு வருகிற வழியெல்லாம் அதையே யோசித்துக்கொண்டு வந்தேன். பல்லாவரம் சிக்னலில் பின்னால் இருந்தவன் ஹாரன் அடித்துத் திட்டினான். உன் வேலையைத்தான் நானும் இத்தனை வருஷமாக வேறு குழாயில் செய்துகொண்டிருக்கிறேன், பாப்பா. ஒவ்வொரு தடவை அவளை நினைக்கும்போதும் நல்லதாக ஒன்றைத் தொட்டு எடுத்து, அடுத்த தடவைக்கு அதையே வளர்க்கிறேன். இப்போது என்னிடம் இருக்கிற சரோஜா சாந்தமானவள். சிரித்த முகம். என் அக்கா வைத்துக் கொடுத்த புடவையைப் பிடிக்கவில்லை என்று பந்தியில் எல்லோர் முன்னாலும் அக்கா மடியிலேயே திருப்பி வைத்தவளை எங்கேயோ விட்டுவிட்டேன். சில்லறைக்காக கண்டக்டரோடு சண்டை போட்டு, பஸ்ஸை சானடோரியம் ஸ்டாப்பில் நிறுத்தி வைத்தவளையும் காணோம். அந்த பஸ் எங்கள் டிப்போ பஸ் வேறு! ஒரு மாதம் கேண்டீனில் எனக்கு மரியாதை கிடையாது.

அதைவிட மோசம் ஒன்று இருக்கிறது. யார் துக்கம் விசாரிக்க வந்தாலும் நான் ஒரு கதை சொல்வேன். "பொண்ணு சொன்னா சரியாத்தான் இருக்கும்னு சொல்லிட்டு, அவ தலையைத் தடவிக் குடுத்துட்டுக் கண்ணை மூடினா" என்பேன். கேட்பவர்கள் கண்ணைத் துடைத்துக்கொள்வார்கள். அந்த இடம் வரும்போதெல்லாம் நீ எழுந்து உள்ளே போய்விடுவாய். துக்கம் தாளாமல் போகிறாய் என்று நினைத்தேன். என்ன மூளை எனக்கு! நடந்ததை நேரில் பார்த்தவள் நீ. உன்மேல் கோபித்துச் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டவளை, உன் கண் முன்னாலேயே நான் வேறு ஆளாக்கிக்கொண்டிருந்தேன். அவள் கோபமாகப் போனாள் என்று சொல்ல இந்த வீட்டில் உனக்கு ஒரு ஆள் இல்லாமல் போயிற்று. அதனால் அந்தக் கோபத்தை நீ தனியாக ஃப்ரிட்ஜில் வைத்துப் பார்த்துக்கொண்டாய்.

இனி அந்தக் கதையை யாருக்கும் சொல்ல மாட்டேன். உண்மையை நானே சொல்கிறேன், கேட்டுக்கொள். உங்கம்மா உன்மேல் கோபமாகத்தான் இருந்தாள். கோபம் தீரவில்லை. தீர்வதற்கு நாள் இல்லை. இன்னும் ஒரு வாரம் இருந்திருந்தால் தீர்ந்திருக்கும் என்று சொல்ல வாய் வருகிறது, ஆனால் அதுவும் நல்லதாகப் பார்த்துத் தொட்டு எடுப்பதுதான். காப்பியில் சர்க்கரை போட மாட்டேன் என்றதற்கே என்னோடு நான்கு நாள் பேசாதவள். உயிருக்குப் பயந்து ஒன்றைக் கேட்டு, பெற்ற மகளே மறுத்தால் அவளுக்குக் கோபம் வராதா? வந்தது நியாயம். நீ மறுத்ததும் நியாயம். இரண்டு நியாயமும் ஒரே அறையில் இருந்தது, நடுவில் நான் ஜன்னலைப் பார்த்துக்கொண்டு நின்றேன். ஊற்றியிருந்தால் பிழைத்திருப்பாளா என்று நீ இன்னும் கணக்குப் போடுகிறாய். எனக்குத் தெரியாது. உனக்கும் தெரியாது. டாக்டருக்கும் தெரியாது. சுத்தம் செய்யாத பாட்டிலை உன் கையால் ஊற்றி, அந்த ராத்திரியே அவள் போயிருந்தால் நீ என்ன ஆகியிருப்பாய் என்பது மட்டும் எனக்கு நன்றாகத் தெரியும். அன்றைக்கு உனக்கு வயசு இருபத்திரண்டு. அந்த வயசில் நான் கிணற்றடியில் யாராவது பார்க்கிறார்களா என்று தலை சீவிக்கொண்டிருந்தேன். நீ உன் அம்மா உயிரைக் கையில் வைத்துக்கொண்டு, தெரியாததைத் தெரியாது என்று சொன்னாய்.

இப்போது உன் கேள்விக்கு வருகிறேன். அந்தக் கிருமியைக் கொன்றுவிடு.

அது உங்கம்மா இல்லை. உங்கம்மாவைத் தின்றதுகூட இப்போது அது இல்லை. பச்சையும் இல்லை, வாசனையும் இல்லை, உன் வைரஸுக்கே அதை அடையாளம் தெரியவில்லை. உன் மாணவிகளுக்கு வைரஸ் பிடிக்க வேறு கிருமி இருக்கிறது என்று நீயே சொல்லியிருக்கிறாய். அனகாபுத்தூர் வைரஸை மட்டும் கூடவே எடுத்துக்கொண்டு போ. வேறு நோயாளிகளின் புண்ணிலிருந்து வந்த கிருமியையும் அது தின்கிறது என்று சந்தோஷமாகச் சொன்னாயே. அதைச் சுத்தம் செய்கிற மெஷின் பெல்ஜியத்தில் இருக்கும். அதைப் பழகிக்கொள். யாரோ ஒரு பெண் என்றைக்காவது தன் அம்மாவுக்காகப் பாட்டிலோடு ஒரு டாக்டர் முன்னால் நிற்பாள். சுத்தம் பண்ணிட்டியா என்று அவர் கேட்கும்போது அவள் தலையைக் குனியக் கூடாது. இதற்கு உன்னை அனுப்பி வைக்க எனக்கு மனசு இருக்கிறது. வீடு வெறிச்சென்று இருக்கும், பரவாயில்லை, சமைக்கத் தெரியாதவன் இளைத்துப்போவேன் என்று என் டாக்டரும் சந்தோஷப்படுவார்.

குழாயை அட்டெண்டரிடம் கொடுத்துவிடாதே. நீயே கிருமியை வேகவைத்துக் கொல்கிற அந்த நீராவி டிரம்மில் வை. வைப்பதற்கு முன்னால் அந்தப் பெண்களைக் கூப்பிட்டு, சரோஜா யார் என்று ஒரு தடவை சொல்லிவிடு. நல்லவள் என்று மட்டும் சொல்லாதே, கோபக்காரி என்றும் சொல்லு, இல்லாவிட்டால் அவளுக்குப் பிடிக்காது. என்றைக்கு என்று சொன்னால் நான் லீவு போட்டுவிட்டு வருகிறேன். உள்ளே வர மாட்டேன். எனக்கு அந்த டிரம்மைப் பார்க்கத் தைரியம் இல்லை. ஆனால் இந்தத் தடவை ஜன்னல் பக்கம் நிற்க மாட்டேன், கதவுப் பக்கம் நிற்பேன். வேலை முடிந்து வெளியே வரும்போது, அழுதிருந்தால் முகத்தைக் கழுவித் துடைத்துக்கொண்டு வராதே, பாப்பா. அப்படியே வா.

அப்பா